நூல் ஏறிய பெயர்

"பையனா, பொண்ணா?"

"தெரியாது மிஸ் வெர்லீன்."

"தெரியாம நான் எந்த நூலை எடுக்கறது?"

"அதுக்குத்தானே அந்தப் பேரு? யாரா இருந்தாலும் பொருந்தும்."

"பேரு பொருந்தும், கண்ணு. ஊர் வாய்க்குப் பொருந்தணுமே. நீலம் போட்டா பையனாங்கறாங்க. ரோஸ் போட்டா பொண்ணாங்கறாங்க. மஞ்சள் போட்டா, வெர்லீனுக்குக் கண்ணு மங்கிப்போச்சுங்கறாங்க."

கேமில் சிரித்துவிட்டாள். தன் சிரிப்பைக் கேட்டுத் தானே கொஞ்சம் திடுக்கிட்டாள். வீட்டில் மறதியாக விட்டுவிட்டு வந்ததாக நினைத்த ஒன்று, கைப்பைக்குள்ளேயே இருந்ததுபோல் இருந்தது.

மருந்துக்கடைக்கும் முடிதிருத்தும் கடைக்கும் நடுவில் ஒடுங்கி நிற்கும் சின்னக் கடை அது. துணியில் பெயர் தைப்பதுதான் வெர்லீனின் தொழில். துவாலை, தலையணை உறை, பள்ளிக்கூடப் பை, கல்யாணப் பெண்ணின் கைக்குட்டை, எதுவானாலும் எங்கள் ஊரில் பெயர் ஏறாமல் வீட்டுக்குள் போகாது. பெயர் இல்லாத துவாலையால் முகம் துடைத்தால் யார் முகத்தைத் துடைக்கிறோம் என்றே சந்தேகம் வந்துவிடும் எங்களுக்கு.

கேமில் மேசைமேல் வைத்திருந்தது ஒரு வெள்ளைப் பருத்திப் போர்வை. மிகச் சின்னது. மூலையில் 'ஹாலிஸ்' என்று தைக்க வேண்டும். திங்கட்கிழமைக்குள் வேண்டும்.

இந்தத் தொடரில் வாராவாரம் இந்தக் குடும்பத்தோடு நடந்து வருகிறவர்களுக்கு, ஏன் திங்கட்கிழமை என்று தெரியும். இன்றுதான் உள்ளே வருகிறவர்களுக்காகச் சொல்ல வேண்டியது கொஞ்சம்தான். கேமிலின் வயிற்றில் இருக்கும் குழந்தைக்குச் சிறுநீரகங்கள் உருவாகவில்லை. அதைச் சுற்றி இருக்க வேண்டிய தண்ணீரும் இல்லை. தண்ணீர் இல்லாததால் ஸ்கேன் படம் புழுதி படிந்த கண்ணாடிபோல் இருந்தது. ஆணா பெண்ணா என்று டாக்டராலும் சொல்ல முடியவில்லை. ஆனால் ஒன்றை மட்டும் தெளிவாகச் சொன்னார். உள்ளே இருக்கும்வரை அதற்கு ஒரு குறையும் இல்லை. அம்மாவின் உடம்பே எல்லாவற்றையும் பார்த்துக்கொள்ளும். வெளியே வந்தால் மூச்சுவிட நுரையீரல் வளர்ந்திருக்காது. சில நிமிடம் இருக்கலாம். ஒரு மணி நேரம்கூட இருக்கலாம். திங்கட்கிழமை காலை நகரத்துப் பெரிய ஆஸ்பத்திரியில் சேர்ந்து பெற்றெடுக்க வேண்டும்.

கேமிலின் கணவன் வேட் புரூயிட் மின்கம்பி வேலைக்காரன். புயல் அடித்த கடற்கரை ஊர்களில் கம்பம் நட்டுக்கொண்டிருக்கிறான். ஞாயிறு மாலை வந்துவிடுகிறேன் என்று சொல்லியிருந்தான். இன்று சனிக்கிழமை.

"அட்லாண்டாவிலிருந்தெல்லாம் இப்போ போன் வருது" என்றாள் வெர்லீன், நூல் கண்டுகளைப் புரட்டிக்கொண்டே. "'சட்டன்'னு தைங்க, 'காலின்ஸ்'னு தைங்க, 'ஹாட்லி'ன்னு தைங்கங்கறாங்க. யார் வீட்டுப் பேரும்மான்னு கேட்டேன். யார் வீட்டுதும் இல்லையாம். நெட்ல பார்த்தாங்களாம். கேட்க நல்லா இருக்காம்."

"நல்லாத்தானே இருக்கு."

"நல்லாத்தான் இருக்கு. பக்கத்து வீட்டு நாய்கூடத்தான் நல்லா இருக்கு. அதுக்காகக் கட்டி இழுத்துட்டு வந்துடுவோமா?"

கேமில் மறுபடி சிரித்தாள்.

எங்கள் பக்கத்தில் கல்யாணமானதும் பெண் தன் வீட்டுப் பெயரைக் கழற்றி வைத்துவிட்டுப் புருஷன் வீட்டுப் பெயரை மாட்டிக்கொள்கிறாள். கழற்றிய பெயர் வீணாவதில்லை. அவளுடைய முதல் குழந்தைக்கு, ஆணோ பெண்ணோ, அதையே முதல் பெயராக வைப்பார்கள். அதிலும் ஆண்வாரிசு இல்லாத வீடு என்றால் கேட்கவே வேண்டாம். கேமிலின் அப்பா ராய்ஸ் ஹாலிஸுக்கு இரண்டும் பெண்கள். மூத்தவள் கேமில், இளையவள் லேசி. அவரோடு அந்தப் பெயர் முடிந்துவிடும். மகள்களின் தொட்டிலில் மட்டுமே மறுபடி முளைக்க முடியும்.

கேமிலுக்கு அந்தப் பெயர்மேல் இருந்தது வாரிசு ஆசை மட்டும் இல்லை. பள்ளிக்கூடத்தில் அவள் கூடைப்பந்து ஆடியவள். பயிற்சியாளர் மைதானத்தின் ஓரத்தில் நின்று 'ஹாலிஸ்!' என்று கத்துவார். அந்தக் கத்தலில் அவள் பெண்ணாக இருக்க மாட்டாள், பையனாகவும் இருக்க மாட்டாள். ஓடுகிற ஓர் ஆள், அவ்வளவுதான். ஹாலி மரங்களின் பக்கத்தில் குடியிருந்தவர்கள் என்று அந்தப் பெயருக்கு அர்த்தம். பனிக்காலத்திலும் இலை உதிர்க்காத மரம். இலையெல்லாம் முள், பழமெல்லாம் சிவப்பு. அதில் ஆண் மரம் உண்டு, பெண் மரம் உண்டு. இரண்டுக்கும் பெயர் ஒன்றுதான். தன் குழந்தை எதுவாகப் பிறந்தாலும் அந்தப் பெயருக்குள் அதற்கு இடம் இருக்கும் என்று அவள் நினைத்தாள். இந்த உலகத்தில் வேறு எங்கும் அதற்கு இடம் இருக்கப்போவதில்லை.

திடீரென்று வெர்லீன் தன் நெற்றியில் தட்டிக்கொண்டாள்.

"அடடா, என் புத்தியைப் பாரு! உன்னுதுதான் ஏற்கெனவே ஆயிடுச்சே. போன வாரமே உங்கம்மா குடுத்துட்டுப் போயிட்டா. நான் பாட்டுக்கு நூலைத் தேடிட்டு நிக்கறேன்."

"அம்மாவா?"

"நெல்டாதான். உனக்குச் சொல்லாம வச்சிருந்தா போலிருக்கு. ஐயோ, நான் கெடுத்துட்டேனா?"

உள்ளே போய் ஓர் அட்டைப்பெட்டியோடு வந்தாள். மெல்லிய தாளை விலக்கினாள்.

ஞானஸ்நான அங்கி. பழைய வெண்ணெய் நிறத்தில் பட்டு. மார்பில் இளம்பச்சை நூலில் 'ஹாலிஸ்'. பக்கத்தில் இரண்டு முள் இலைகள், மூன்று சிவப்புப் பொட்டுகள்.

இத்தனை மாதமாக அம்மா அந்தக் குழந்தையைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை. கேமில் ஆஸ்பத்திரியிலிருந்து வரும்போதெல்லாம் ஏதாவது சமைத்து எடுத்து வந்து வைத்துவிட்டுப் போவாள். குளிர்பெட்டியில் வேறு எதற்கும் இடமில்லை. பேசாத அம்மா இதைச் செய்திருக்கிறாள்! கேமில் அங்கியை எடுத்துத் தன் வயிற்றின்மேல் விரித்துப் பார்த்தாள்.

அங்கி வயிற்றைத் தாண்டி வழிந்தது. அதன் கைகள் இருபுறமும் நீண்டு தொங்கின.

பெரிய அங்கி. ஆறு மாதம் ஆகி, கொழுத்து, கழுத்தில் மடிப்பு விழுந்த குழந்தைக்கு அளவெடுத்தது.

வெர்லீனும் அப்போதுதான் பார்த்தாள். அவள் கை தானாக வாய்க்குப் போயிற்று.

"'என் பொண்ணோட குழந்தைக்கு'ன்னா. எந்தப் பொண்ணுன்னு நான் கேட்கவே இல்லை, கண்ணு. பெரியவளுக்குத்தானே அந்தப் பேரு போகும்? காலங்காலமா அப்படித்தானே?"

"இன்னிக்கு லேசிக்கு விருந்து" என்றாள் கேமில் மெதுவாக. "சர்ச் ஹால்ல. பிறக்கப்போற குழந்தைக்குப் பரிசு குடுக்கற விருந்து."

"ஆமா. மூணு மணிக்குள்ள பெட்டியைக் கொண்டுவந்து குடுக்கணும்னு நெல்டா…" வெர்லீன் பாதியில் நிறுத்தினாள்.

வெளியே முடிதிருத்தும் கடையில் யாரோ உரக்க ஒரு கதை சொல்லிக்கொண்டிருந்தார்கள்.

கேமில் அங்கியை மடித்தாள். மடிப்புகளை ஒவ்வொன்றாகச் சரிசெய்தாள். பிறகு தன் சின்னப் போர்வையை வெர்லீன் பக்கம் நகர்த்தினாள்.

"பச்சை நூலே போடுங்க. அதே பச்சை."

வெர்லீன் போர்வையைத் தொடவில்லை.

"கண்ணு, ஒரே வீட்டுல ரெண்டு குழந்தைக்கு ஒரே பேரை நான் தைச்சதில்லை. நூல் ஏறிட்டா ஏறினதுதான். முதல்ல யாருக்கு ஏறுதோ அவங்களுதுன்னு ஊருக்கே தெரியும். நாளைக்கு நெல்டா வந்து என்னைக் கேட்டா? லேசி கேட்டா?"

"ரெண்டு குழந்தை இருக்கப்போறதில்லையே மிஸ் வெர்லீன்."

வெர்லீனின் கண்கள் நிறைந்துவிட்டன. ஆனாலும் போர்வையை எடுக்கவில்லை. "உங்கம்மாவை ஒரு வார்த்தை கேட்டுட்டு வந்துடு" என்றாள். "அவ சரின்னா, கடையைப் பூட்டிட்டு உக்காந்து தைச்சுத் தர்றேன்."

"சரிங்க. பெட்டியைக் குடுங்க. நானே கொண்டுபோய்க் குடுத்துடறேன்."

* * *

சர்ச் ஹாலின் கதவைத் திறந்தபோது உள்ளே சிரிப்பு அலையாக அடித்தது. பெண்கள் கையில் கழிப்பறைத் தாள் சுருளோடு நின்றார்கள். நடுவில் லேசி, ஐந்து மாத வயிற்றைத் தள்ளிக்கொண்டு. அவள் வயிற்றின் சுற்றளவைக் கண்ணாலேயே மதிப்பிட்டு அந்த நீளத்துக்குத் தாளைக் கிழிக்க வேண்டும். யாருடையது சரியாகச் சுற்றிவருகிறதோ அவர்களுக்கு ஒரு மெழுகுவத்தி பரிசு.

"ஐயோ லோரெட்டா, இது எனக்கா, ஹாலுக்கா? சர்ச்சையே சுத்தி வந்துடும் போலிருக்கே!" என்று லேசி கத்திக்கொண்டிருந்தாள்.

கேமிலைப் பார்த்ததும் சிரிப்பு, யாரோ ரேடியோவின் ஒலியைக் குறைத்ததுபோல், மெல்ல மெல்ல இறங்கியது.

அவளுக்கும் இப்படி ஒரு விருந்து ஏற்பாடாகியிருந்தது, ஜூலையில். ஸ்கேனுக்குப் பிறகு யாரும் அதைப் பற்றிப் பேசவில்லை. வேண்டாம் என்றுகூட யாரும் சொல்லவில்லை. அந்த நாள் வந்தது, போனது.

"நீ ரொம்ப அழகா இருக்கே, தங்கம்" என்றாள் ஒருத்தி. "முடி நல்லா வளர்ந்திருக்கு" என்றாள் இன்னொருத்தி. யார் கண்ணும் கழுத்துக்குக் கீழே இறங்கவில்லை.

கேமில் எல்லோரையும் பார்த்துப் புன்னகைத்துவிட்டு நேரே சமையலறைக்குப் போனாள். நெல்டா அங்கே சாண்ட்விச்சுகளின் ஓரத்தைச் சீவிக்கொண்டிருந்தாள். மகளின் கையில் இருந்த பெட்டியைப் பார்த்தாள். கத்தி நின்றது.

"நீ கார்ல போய் உட்காரு. நான் வர்றேன்."

"கார்ல எதுக்கும்மா? இங்க கத்தினா வெளியே கேட்கும்னா?"

"கத்தாதே."

"நான் கத்தலையே. கத்தணும்னு தோணுதான்னுதான் பார்த்துட்டிருக்கேன்."

நெல்டா கத்தியைக் கீழே வைத்தாள். மறுபடி எடுத்தாள். "உங்க டாடி கேட்டார்" என்றாள் சாண்ட்விச்சைப் பார்த்தபடி.

"டாடி யார்கிட்டயும் எதையும் கேட்கிற ஆள் இல்லையே."

"அதான் கேமில். உப்பு வேணும்னாக்கூடக் கேட்க மாட்டார், எழுந்து போய் எடுத்துக்குவார். கல்யாணம் ஆன நாள்லேருந்து வாயைத் திறந்து ஒண்ணைக் கேட்டதில்லை. இதைக் கேட்டார். நான் என்ன பண்ணட்டும்?"

"என்ன கேட்டார்?"

"அந்தப் பேரு லேசியோட குழந்தைக்குப் போகணும்னார்." நெல்டாவின் குரல் தேய்ந்தது. "உனக்கு அடுத்தது பிறக்கும். அப்போ வேற நல்ல பேரு…"

"அடுத்தது வேற ஆள் அம்மா."

"நான் என்ன சொல்ல வந்தேன்னா…"

"தெரியும். எல்லாரும் அதைத்தான் சொல்றாங்க. அடுத்தது, அடுத்தது. பஸ்ஸா விட்டுட்டேன் நான்?"

கதவைத் தள்ளிக்கொண்டு லேசி வந்தாள். வயிற்றில் தாள் சுற்றியபடியே இருந்தது. அவள் அதைக் கவனிக்கவில்லை.

"நான் கேட்கலை கேமி" என்றாள் வந்ததும்.

"வேண்டாம்னும் சொல்லலை."

"சொல்லலை."

சின்ன வயதிலிருந்தே லேசிக்குப் பொய் வராது. அதனால்தான் அவளோடு சண்டை போடுவது கஷ்டம்.

"எனக்கும் அது வேணும்" என்றாள் லேசி. "உனக்கு மட்டும்தான் அது அப்பா வீட்டுப் பேரா? ஸ்கூல்ல நீதான் ஹாலிஸ். உனக்கப்புறம் அதே டீம்ல நானும் ஆடினேன். என்னை யாராவது ஹாலிஸ்னு கூப்பிட்டாங்களா? ஹாலிஸோட தங்கச்சி. அப்புறம் கல்யாணம் ஆச்சு, ஸ்டப்ஸ் ஆயிட்டேன். ஸ்டப்ஸ், கேமி, அடிக்கட்டைன்னு ஒரு பேரு! ஆசைப்பட்டு யாராவது ஸ்டப்ஸ் ஆவாங்களா?"

கேமிலுக்குச் சிரிப்பு வந்தது. சிரிப்பு வந்தது அவளுக்குக் கோபமாகவும் இருந்தது.

"உன்னுது வளரும் லேசி. பத்துப் பேரு வைக்கலாம். செல்லப் பேரு, பட்டப் பேரு, பிடிக்கலைன்னா பெரிசானதும் அதுவே கோர்ட்டுக்குப் போய் மாத்திக்கலாம். என்னுதுக்கு அது ஒண்ணுதான். வேற எதுவும் கிடைக்காது. பல்லு கிடைக்காது. ஷூ கிடைக்காது."

"போதும், கேமில்" என்றாள் நெல்டா. அதட்டலில்லை. இரப்பதுபோல் இருந்தது.

அப்போதுதான் கேமிலின் இடுப்பிலிருந்து ஏதோ ஒன்று கிளம்பி முன்பக்கம் சுற்றிவந்து இறுக்கியது. அவள் பாத்திரம் கழுவும் தொட்டியின் விளிம்பைப் பிடித்துக்கொண்டாள். காலையிலிருந்து வந்துபோகிற இறுக்கம்தான். இந்தமுறை போக நேரமாயிற்று.

"என்ன?" என்றாள் லேசி.

"ஒண்ணுமில்லை. உதைக்குது."

லேசி நம்பவில்லை. ஆனால் கேட்கவும் இல்லை. தன் வயிற்றில் சுற்றியிருந்த தாளை அப்போதுதான் பார்த்தாள். முகம் சிவந்து, அதைக் கிழித்துச் சுருட்டிக் குப்பையில் போட்டாள்.

"டாடி தோட்டத்துலதான் இருக்கார்" என்றாள். "போய்ப் பேசு. அவர் விட்டார்னா நான் விட்டுடறேன். சத்தியமா. அந்த அங்கியைப் பிரிச்சு நானே நூலை உருவிடறேன்."

"நீ அழப்போறே."

"அழுவேன். அழுதுட்டு உருவறேன்."

கேமில் பெட்டியைச் சாண்ட்விச் தட்டுகளுக்குப் பக்கத்தில் வைத்தாள். தங்கையின் கன்னத்தில் ஒரு முத்தம் கொடுத்தாள், ஏனென்று தெரியாமல். பின்வாசல் வழியாக வெளியேறினாள். ஹாலுக்குள் யாரோ துணிந்து சிரிப்பை மறுபடி ஆரம்பித்துவைத்தார்கள்.

* * *

ராய்ஸ் ஹாலிஸ் மரம் உலுக்கிக்கொண்டிருந்தார். இயந்திரத்தின் இரும்புக்கை பெக்கான் மரத்தின் இடுப்பைப் பிடித்து ஒரு குலுக்குக் குலுக்கும். மரம் முழுக்க நடுங்கும். கொட்டைகள் மழையாகக் கொட்டும். அக்டோபர் முழுக்க எங்கள் ஊரின் சத்தம் அதுதான்.

மகள் வரிசையினூடே நடந்து வருவதைப் பார்த்ததும் இயந்திரத்தை நிறுத்தினார். நின்ற பிறகும் மேலிருந்து ஒன்றிரண்டு கொட்டைகள் தாமதமாக விழுந்தன.

"மரத்தடிக்கு வராதே செல்லம். தலையில விழும்."

"விழட்டும்."

அவர் இறங்கி வந்தார். தொப்பியைக் கழற்றினார். அவள் முகத்தைப் பார்த்தவுடனே விஷயம் புரிந்துவிட்டது அவருக்கு.

"வெர்லீன் சொன்னாளா?"

"அங்கியே சொல்லிடுச்சு டாடி. ரொம்பப் பெரிசா இருந்தது."

ராய்ஸ் தொப்பியின் விளிம்பைச் சுற்றிச் சுற்றி விரலால் தடவினார். "எல்லாம் முடிஞ்சப்புறம் உன்கிட்ட சொல்லலாம்னு இருந்தேன்."

"எது முடிஞ்சப்புறம்?"

அவர் கீழே குனிந்து ஒரு கொட்டையை எடுத்தார், பார்த்தார், எறிந்தார்.

"உங்களுக்கு அது பேரக்குழந்தை இல்லையா டாடி? கணக்குல வராதா?"

"அப்படிச் சொல்லாதே."

"வேற எப்படிச் சொல்றது?"

அவர் தன் தோட்டத்தின் பக்கம் திரும்பினார். பிறகு, அந்தக் குடும்பத்தில் யாருமே கேட்டிராத ஒன்றைச் சொன்னார்.

"எங்கம்மா ராய்ஸ் வீட்டுப் பொண்ணு. அது உனக்குத் தெரியும். அதனாலதான் எனக்கு ராய்ஸ்னு வச்சாங்கன்னு நினைச்சிட்டிருக்கே. எனக்கு வைக்கலை. எனக்கு முன்னாடி ஒருத்தன் பிறந்தான், அவனுக்கு வச்சாங்க. பிறந்து கொஞ்ச நாள்ல காய்ச்சல்ல போயிட்டான். அப்புறம் நான் வந்தேன். நல்ல பேரு, வீணாக்க வேண்டாம்னு எங்கம்மா எனக்கே அதைத் திருப்பி வச்சுட்டா."

கேமில் ஓர் அடி கிட்டே வந்தாள்.

"அடுத்த மாவட்டத்துல, ராய்ஸ் வீட்டாரோட சர்ச்சுக்குப் பின்னாடி இருக்கான். ஈஸ்டருக்கு ஈஸ்டர் என்னைக் கூட்டிட்டுப் போய்ப் பூ வைக்கச் சொல்லுவா. கல்லறைக் கல்லுல என் பேரு. ராய்ஸ் ஹாலிஸ். நான் எழுத்துக்கூட்டிப் படிக்கக் கத்துக்கிட்டதே அந்தக் கல்லுலதான், செல்லம்."

"டாடி…"

"அவ என்னைச் சாப்பிடக் கூப்பிடுவா. வாசல்ல நின்னு, ராய்ஸ்ஸ்னு நீட்டிக் கூப்பிடுவா. அவ யாரைக் கூப்பிடறான்னு எனக்குக் கடைசிவரைக்கும் தெரியாமலே போச்சு."

காற்றில் சில இலைகள் இறங்கின.

"லேசியோட குழந்தைக்கு அந்த நிலைமை வரக்கூடாது" என்றார். "ஒரு பேரு, ஒரு ஆள். பங்கு போடக் கூடாது. நீ வச்சுட்டேன்னா அவ வைக்கக் கூடாது. நான் விட மாட்டேன்."

"அப்போ அந்த ஒரு ஆள் என்னோடதா இருக்கக் கூடாதா?"

ராய்ஸ் மகளை நேராகப் பார்த்தார். அவர் கண்ணில் கல்மனம் இல்லை. அதுதான் அவளுக்குத் தாங்கவில்லை.

"கல்லுக்கடியில ஏற்கெனவே நிறைய ஹாலிஸ் படுத்திருக்காங்க, கேமில். எங்கப்பா, சித்தப்பா, அத்தைகள் எல்லாரும். நாளைக்கு நானும் போய்ப் படுத்துக்குவேன். எனக்கு நடக்கிற ஒருத்தர் வேணும். கூப்பிட்டா திரும்பிப் பார்க்கிற ஒருத்தர்."

கேமில் வரும் வழியெல்லாம் காரில் சேர்த்துவைத்த வார்த்தைகள் எதுவும் இப்போது உதவவில்லை. அநியாயம் என்று கத்த வந்தவள் அவள். இங்கே அநியாயம் செய்தவர் யாரும் இல்லை. ஒரு பெயர் இருந்தது, அதன் இரண்டு பக்கமும் அன்பு இருந்தது. நடுவில் அந்தக் குழந்தைக்குத்தான் இடம் இல்லை.

மறுபடியும் அந்த இறுக்கம் வந்தது. இந்தமுறை முதுகை வளைத்து அவளைக் கீழே தள்ளப் பார்த்தது. மரத்தைப் பிடித்துக்கொண்டாள். தொடையில் வெதுவெதுப்பாக ஏதோ வழிந்தது. குனிந்து பார்த்தாள். ரத்தம் கொஞ்சம்தான்.

"எப்போலேருந்து?" ராய்ஸின் குரல் மாறிவிட்டது.

"காலையிலேருந்து."

"காலையிலேருந்தா! ஒருத்தர்கிட்டயும் சொல்லலையா? வேட் எங்கே?"

"கம்பத்து மேலே. நாளைக்குத்தான் வருவான்."

"அவனுக்குப் போன் பண்ணு. இல்லை, நான் பண்றேன். இல்லை, முதல்ல நீ ஏறு." அவர் ஓடினார். அந்த வயதில் அவர் ஓடி அவள் பார்த்ததில்லை. லாரியின் முன்கதவைத் திறந்து இருக்கையில் கிடந்த சங்கிலிகளையும் கோணிகளையும் வெளியே வீசினார். தன் சட்டையைக் கழற்றி இருக்கைமேல் விரித்தார். உள்பனியனோடு நின்று கையை நீட்டினார். "ஏறு செல்லம். முக்கால் மணியில போயிடலாம். ஏறு."

கேமில் நடந்து வந்தாள். கதவைப் பிடித்தாள். ஒரு காலைத் தூக்கிப் படியில் வைத்தாள்.

பிறகு அந்தக் காலைக் கீழே இறக்கினாள்.

"கேமில்! என்ன பண்றே?"

"ஏறினா ஆஸ்பத்திரி டாடி."

"ஆமா! அதுக்குத்தானே!"

"ஆஸ்பத்திரி போனா அது வெளியே வந்துடும்."

ராய்ஸின் நீட்டிய கை அப்படியே நின்றது.

அவள் முகத்தில் வியர்வை. குரல் மட்டும் ஆச்சரியமாக நிதானமாக இருந்தது. இரண்டு கைகளாலும் வயிற்றைக் கீழிருந்து ஏந்திப் பிடித்துக்கொண்டாள், நிரம்பிய ஒரு பாத்திரத்தைத் தளும்பாமல் கொண்டுபோகிறவள்போல.

"லேசிக்கே இருக்கட்டும் டாடி. நூலைப் பிரிக்க வேண்டாம்னு சொல்லுங்க, அழகா இருக்கு அந்த அங்கி. ஊருக்கும் அவ குழந்தைதான் ஹாலிஸ். கல்லுல நான் வேற ஏதாவது போட்டுக்கறேன். எதுவும் போடாமலேகூட விட்டுடறேன். உங்க பேருல இன்னொரு கல்லு வேண்டாம். சரிதானே? ஆனா இப்போ அது உள்ளே இருக்கு. உள்ளே இருக்கறவரைக்கும் அதுக்கு ஒரு குறையும் இல்லைன்னு டாக்டரே சொன்னார். காது கேட்குமாம். வேட் பாட்டுப் பாடினா இந்தப் பக்கம் திரும்பும், நானே பார்த்திருக்கேன். இங்க யாரும் இல்லை. நீங்க, நான், அது. உங்க வாயால, ஒரே ஒரு தடவை, அதை ஹாலிஸ்னு கூப்பிடுங்க டாடி."